ஜன்னல் பக்கம் திரும்பிய பூ

"என்னைப் பார்க்கவே மாட்டேங்கிறார்" என்றாள் இன்பவல்லி.

"வேற யாரைப் பார்க்கிறார்?" என்று கேட்டாள் டாக்டரம்மா.

"ரோட்டை."

டாக்டரம்மா மெல்லத் தலையாட்டினாள், ரோட்டைப் பார்ப்பதும் ஒரு வேலைதானே என்பது போல.

இன்பவல்லிக்கு அழுகை வந்தது. அழவில்லை. சேலை முந்தானையை எடுத்து மூக்குக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டாள்.

*

ஏற்காட்டு மலையில், காப்பித் தோட்டங்களெல்லாம் முடிந்து சரிவு தொடங்கும் இடத்தில் டாக்டரம்மாவின் வீடு.

கீழே சேலத்தில் பல் டாக்டராக இருந்தவள். கைராசிக்காரி என்று பெயர். நாற்பது வயதுகூட ஆகவில்லை, ஒருநாள் பெயர்ப் பலகையைக் கழற்றிவிட்டு மலையேறி வந்துவிட்டாள்.

ஏன் என்று கேட்டவர்களுக்கு ஒரே பதில்தான்.

"வலிக்குதுன்னு வந்தாங்க. பல்லைப் பிடுங்கினேன். சிலருக்கு வலி மட்டும் அங்கேயே இருந்துச்சு."

நோயாளிகள் சாய்ந்து படுக்கிற அந்த நீள நாற்காலியை மட்டும் லாரியில் ஏற்றிக் கூடவே கொண்டுவந்திருந்தாள். தாழ்வாரத்தில், பள்ளத்தாக்கைப் பார்த்தபடி அது நின்றது. வாய் கொப்பளித்துத் துப்புகிற வெள்ளைக் கிண்ணத்தில் ஒரு சின்ன ஆர்க்கிட் செடி. விளக்கு தொங்குகிற நீண்ட கையில் இன்னும் சில.

ஊரில் அவளைப் பற்றி ஒரு கேலி உண்டு. அப்போதெல்லாம் எல்லாரையும் வாயைத் திற என்பாள், இப்போது எல்லாரையும் வாயை மூடு என்கிறாள்.

ஆனாலும் ஞாயிற்றுக்கிழமைகளில் சிலர் வந்து, நாற்காலிக்குப் பின்னால் கிடக்கும் மர பெஞ்சில் உட்கார்ந்துவிட்டுப் போனார்கள். சிலர் கேள்வி கேட்பார்கள். சிலருக்குப் பதில் கிடைக்கும்.

போன வாரம் தோட்டக்காரர் ஒருவர், "மனசு ஒரு நிமிஷம் அடங்க மாட்டேங்குது டாக்டரம்மா" என்றார்.

"ஒரு நாளைக்கு எத்தனை காப்பி?"

"என் தோட்டத்துக் காப்பிதானே, கணக்கெல்லாம் வெச்சுக்கறதில்லை."

"கணக்கு வெச்சுக்கிட்டு வாங்க."

அவர் அதற்குப் பிறகு வரவில்லை.

*

இன்பவல்லிக்கு அங்கே வரவே கூச்சமாக இருந்தது.

எட்டாம் வகுப்பில் டாக்டரம்மாவுக்கு அவள்தான் வகுப்பு டீச்சர். அப்போது வெறும் காஞ்சனா. தினமும் தாமதமாக வரும் பிள்ளை. மூடுபனியில் நனைந்த தலையோடு வகுப்பு வாசலில் வந்து நிற்கும்.

"வாம்மா, இப்பத்தான் வர்றியா?" என்பாள் இன்பவல்லி. அப்படியே கொஞ்ச நேரம் வாசலில் நிற்க வைப்பாள்.

அந்தப் பிள்ளையைத்தான் இப்போது 'நீங்க' என்று சொல்ல வேண்டியிருந்தது. முதல் தடவை நாக்கு தடுமாறியது. பிறகு பழகிவிட்டது.

"என்ன ஆச்சுன்னு முழுசாச் சொல்லுங்க டீச்சர்" என்றாள் டாக்டரம்மா.

இன்பவல்லி சொன்னாள்.

அவள் கணவர் சீரங்கன் மலைப்பாதையில் பஸ் ஓட்டியவர். எத்தனை மழை, எத்தனை பனி, ஒரு வளைவில்கூட வண்டியை உரசவிட்டதில்லை. ஓய்வு பெற்றுப் பல வருஷம் கழித்து மறதி வந்தது. முதலில் சாவியை மறந்தார். அப்புறம் மகனின் பெயரை மறந்தார். அப்புறம் சாப்பிட்டதை மறந்தார்.

இப்போது ஜன்னலோரம் சாய்வு நாற்காலியில் உட்கார்ந்தால் இருட்டும்வரை அங்கேதான். ஜன்னலுக்குக் கீழே மலைப்பாதை வளைந்து ஏறும். பஸ் போனால் "ரைட்" என்பார். எதிரில் இன்னொன்று வந்தால் "ஹோல்டான்" என்பார்.

"பஸ்ஸுகிட்ட பேசறார். எங்கிட்ட மாசக்கணக்கா ஒரு வார்த்தை கிடையாது."

"நீங்க என்ன பண்றீங்க?"

"தினமும் காலையில நாற்காலியை என் பக்கம் திருப்பிப் போடறேன். இட்லி ஊட்டணுமில்ல? முகத்தைப் பார்த்து ஊட்ட வேண்டாமா? ஆனா கழுத்தைத் திருப்பிக்கிறார். ஜன்னலையே பார்த்துக்கிட்டு வாயை மட்டும் திறக்கிறார்."

"வாயைத் திறக்கிறாரே, அதுவே பெரிசு" என்றாள் டாக்டரம்மா. "எங்கிட்ட வந்தவங்க அதுக்கே அரை மணி நேரம் எடுத்துக்குவாங்க."

இன்பவல்லி சிரிக்கவில்லை.

"எம் மகன் முகுந்தன் கோயமுத்தூர்ல ஒரு இல்லம் பார்த்து வெச்சிருக்கான். இந்த மாதிரி மறதிக்காரங்களுக்குன்னே இருக்காம். 'அம்மா, அப்பாவுக்கு நீ யாருன்னே தெரியலை, நீ பார்த்துக்கிட்டா என்ன, ஒரு நர்ஸ் பார்த்துக்கிட்டா என்ன?'ன்னு கேட்கிறான்."

"ம்."

"அவன் கேட்கிறதில தப்பில்லை. எனக்கும் சில நாள் அப்படித்தான் தோணுது. அதுதான் பயமா இருக்கு."

டாக்டரம்மா எழுந்தாள். வெள்ளைக் கிண்ணத்திலிருந்த சின்னச் செடியை எடுத்தாள். உள்ளங்கையில் அடங்குகிற தொட்டி. விரல் நீளத்தில் நான்கு இலைகள். பூ எதுவும் இல்லை.

அதை இன்பவல்லியின் கையில் வைத்தாள்.

"இதைக் கொண்டுபோய்ப் பூக்க வைங்க."

"நான் கேட்டது அவரைப் பத்தி."

"பூத்ததும் வாங்க."

"எப்பப் பூக்கும்?"

"அதுக்குத் தெரியும்."

இன்பவல்லி செடியைப் பார்த்தாள். பள்ளிக்கூடத்தில் வீட்டுப்பாடம் கொடுத்தே பழகியவள். வாங்கிப் பழக்கமில்லை.

"எங்கே வைக்கணும்?" என்று கேட்டாள்.

"வெளிச்சம் வேணும், நேர் வெயில் கூடாது. ஜன்னலுக்குக் கொஞ்சம் உள்ளே தள்ளி ஒரு ஸ்டூல்ல வைங்க." கொஞ்சம் யோசித்துவிட்டு, "அவர் பக்கத்துலயே வைங்களேன்" என்றாள்.

*

பூக்கும் முன்பே இன்பவல்லி திரும்பி வந்தாள்.

"பூக்கலை. அழுகுது."

டாக்டரம்மா தொட்டியை வாங்கி மோந்து பார்த்தாள்.

"என்ன போட்டீங்க?"

"பாவமா இருந்துச்சு. தொட்டியில மண்ணே இல்லை, வெறும் கரியும் மரப்பட்டையும்தான் கிடந்துச்சு. நல்ல செம்மண்ணாப் பார்த்துப் போட்டேன். கொஞ்சம் சாணி எரு. அப்புறம் அரிசி கழுவின தண்ணி."

"எப்பெப்ப?"

"தினமும். குளிச்சிட்டுத் துளசிக்கு ஊத்தும்போதே இதுக்கும் ஒரு சொம்பு."

"ஒரு சொம்பா?"

"பின்னே, பட்டினி போடச் சொல்றீங்களா?"

டாக்டரம்மா சிரித்தாள். பெரிய சிரிப்பு. விளக்குக் கையில் தொங்கிய செடிகள்கூட ஆடின.

"வேர் வேற வெளியே வெளியே ஓடுச்சு" என்றாள் இன்பவல்லி, கொஞ்சம் கோபமாக. "புழு மாதிரி. பார்க்கச் சகிக்கலை. எல்லாத்தையும் உள்ளே தள்ளி மண்ணைப் போட்டு மூடிட்டேன். நல்லதுதானே செஞ்சேன்?"

"நல்லதுதான் செஞ்சீங்க. அதுக்கு மூச்சு முட்டிப்போச்சு."

தட்டில் பழைய பல் கருவிகளைக் கொண்டுவந்து வைத்தாள். தொட்டியைக் கவிழ்த்தாள். வேர்களைத் தண்ணீரில் அலசினாள். பல வேர்கள் நனைந்த காகிதம் போல் கையோடு வந்தன. இரண்டே இரண்டு மட்டும் கெட்டியாக இருந்தன.

அழுகியதை வெட்டத் தொடங்கினாள்.

"வலிக்காதா அதுக்கு?" என்றாள் இன்பவல்லி.

"பழக்க தோஷம், நானே அதுகிட்ட வாயைத் திறன்னு சொல்லப் பார்த்தேன்."

இந்த முறை இன்பவல்லிக்குக் கொஞ்சம் சிரிப்பு வந்தது.

டாக்டரம்மா கருவியின் நுனியால் மண் துகள்களை ஒவ்வொன்றாக எடுத்தாள். பல் இடுக்கில் வேலை செய்த அதே விரல்கள். தலையைத் தூக்காமல் கேட்டாள்.

"சார் உங்ககிட்ட முதல்ல பேசினது என்ன?"

"யாரு, இவரா?"

"ம்."

"அதெல்லாம் எதுக்கு இப்ப?"

"கை வேலையா இருக்கு. காது சும்மாதானே இருக்கு?"

இன்பவல்லி பள்ளத்தாக்கைப் பார்த்தாள். பிறகு அவளே எதிர்பார்க்காமல் குரல் வந்தது.

"வேலைக்குச் சேர்ந்த அன்னிக்கு. சேலத்துல இருந்து முதல் பஸ். நிக்க இடமில்லை, முன்னாடி இன்ஜின் பக்கத்துல கம்பியைப் பிடிச்சுக்கிட்டு நின்னேன். கஞ்சி போட்ட சேலை, கையில குடை. பார்த்தாலே டீச்சர்னு தெரியும். இந்த மனுஷன் திடீர்னு, 'டீச்சர், சைடு மறைக்குது'ன்னார்."

"சைடா?"

"இடது பக்கக் கண்ணாடியை நான் மறைச்சுக்கிட்டு நின்னிருக்கேன். எனக்கு அது எங்கே தெரியும்? அத்தனை பேர் முன்னாடி சொல்லிட்டாரேன்னு ரோஷம். விறுவிறுன்னு கூட்டத்தை இடிச்சுக்கிட்டுக் கடைசி சீட் வரைக்கும் போயிட்டேன்."

"அப்புறம்?"

"உள் கண்ணாடியில என்னைப் பார்த்தார். பார்த்துட்டு, பஸ்ஸுக்கே கேட்கிற மாதிரி, 'அவ்வளவு தூரம் போகச் சொல்லலியே'ன்னார்."

டாக்டரம்மாவின் கை நின்றது.

"பஸ்ஸே சிரிச்சுது" என்றாள் இன்பவல்லி. "கொஞ்ச நாள் அந்த ஆள் வண்டியிலேயே ஏறலை. அப்புறம் அந்த ஆள் வண்டியில மட்டும்தான் ஏறினேன்."

சிரித்தாள். முகத்தில் எங்கிருந்தோ ஒரு சின்ன வயசுப் பெண் வந்துவிட்டுப் போனாள்.

சிரிப்பு வடிந்ததும், "அந்த ஆள் எங்கே போனார்னுதான் தெரியலை டாக்டரம்மா" என்றாள்.

டாக்டரம்மா தொட்டியில் மரப்பட்டைத் துண்டுகளையும் அடுப்புக்கரியையும் இட்டு, செடியை அதன் மேல் உட்கார வைத்தாள். ஒரு வேர் மட்டும் தொட்டிக்கு வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. இன்பவல்லியின் விரல் தானாக அதை உள்ளே தள்ளப் போனது.

டாக்டரம்மா அந்த விரலைப் பிடித்துக்கொண்டாள்.

"வெளியே நிக்கட்டும். மரத்து மேல வளர்ற ஜாதி இது. அதுக்குப் பிடிச்சுக்கத் தெரியும், பொத்தி வெச்சா தாங்காது."

"தண்ணி?"

"வேர் வெள்ளியா இருந்தா தாகம். பச்சையா இருந்தா போதும்னு அர்த்தம்."

"தினமும் கேட்டுக் கேட்டுக் கொடுக்கணுமா?"

"பார்த்துக் கொடுத்தாப் போதும்" என்றாள் டாக்டரம்மா. "பூத்ததும் வாங்க."

*

இன்பவல்லி பார்க்கக் கற்றுக்கொண்டாள்.

முதலில் கை துறுதுறுவென்று வரும். துளசிக்கு ஊற்றிய சொம்பு பாதியில் நிற்கும். செடியின் அருகே குனிந்து பார்ப்பாள். வேர் பச்சையாக இருந்தால் சொம்போடு திரும்பிப் போவாள். வெளுத்து வெள்ளியானால் தொட்டியை ஒரு கிண்ணத் தண்ணீரில் அமிழ்த்தி, எடுத்து, வடியவிட்டு வைப்பாள். நடுக்குருத்தில் ஒரு சொட்டு நின்றுவிட்டால் சேலை நுனியால் ஒற்றி எடுப்பாள்.

குனியும்போதெல்லாம் பக்கத்தில் சீரங்கனின் கை தெரியும். நாற்காலிக் கையின் மேல் கிடக்கும். சுண்டுவிரல் மட்டும் சில நேரம் அசையும், கியர் மாற்றுகிற மாதிரி.

கார்த்திகையில் மலையை மூடுபனி மூடியது. அப்போது ஒருநாள் இலை இடுக்கிலிருந்து பச்சையாக ஒரு முனை எட்டிப் பார்த்தது. வேர் என்று நினைத்தாள். வேர் கீழே போகும். இது மேலே போனது. தை பிறந்தபோது அதில் மிளகு மிளகாக மொட்டுகள்.

"என்னங்க, மொட்டு வெச்சிருக்கு!" என்றாள்.

"ரைட்" என்றார் சீரங்கன்.

அவள் திடுக்கிட்டுத் திரும்பினாள். கீழே ஒரு பஸ் வளைவில் ஏறிக்கொண்டிருந்தது.

*

காம்பு வளைந்தது. ஜன்னல் பக்கம்.

மொட்டுகள் எல்லாம் ஜன்னலைப் பார்த்தே நின்றன. பூத்தால் அந்தப் பக்கம் பார்த்துத்தான் பூக்கும். வீட்டுக்குள் இருக்கிறவளுக்குப் பூவின் முதுகுதான்.

இன்பவல்லிக்கு அது பொறுக்கவில்லை. தண்ணீர் பார்த்துப் பார்த்துக் கொடுத்தது யார்? ஜன்னலா கொடுத்தது?

தொட்டியைத் தன் பக்கம் திருப்பி வைத்தாள்.

சில நாளில் மொட்டுகள் மெல்ல மெல்ல மீண்டும் வெளிச்சத்தைப் பார்த்தன. அவள் மறுபடியும் திருப்பினாள்.

காலையில் காப்பி குடித்ததும் அவளுக்கு இரண்டு வேலை. முதலில் சீரங்கனின் நாற்காலியைத் திருப்புவாள். பிறகு தொட்டியைத் திருப்புவாள். இரண்டு பேரும் எதிர்த்து ஒன்றும் சொல்லவில்லை. இரண்டு பேரும் கேட்கவும் இல்லை.

காம்பு முறுக்கிக்கொண்டது. சீரங்கனுக்குக் கழுத்து பிடித்துக்கொண்டது. அவள் நல்லெண்ணெய் காய்ச்சிக் கழுத்தில் தடவினாள். தடவும்போதும் அவர் ஜன்னலைத்தான் பார்த்தார்.

பிறகு மொட்டுகள் மஞ்சளாகத் தொடங்கின. ஒவ்வொன்றாக ஸ்டூலின் மேல் உதிர்ந்து கிடந்தன. அவள் எடுத்து உள்ளங்கையில் வைத்துப் பார்த்தாள். விரியாத பூவுக்கு வாசனை இல்லை.

ஒரே ஒரு மொட்டு மிஞ்சியது.

அந்த வாரம் முகுந்தன் போனில் கூப்பிட்டான்.

"இடம் கிடைச்சிருச்சும்மா. ஞாயித்துக்கிழமை கார் எடுத்துக்கிட்டு வர்றேன். அப்பா துணியெல்லாம் எடுத்து வெச்சிரு."

"சரிப்பா."

"அழுவுறியா?"

"இல்லைப்பா."

உண்மையிலேயே அழவில்லை. அந்தச் 'சரி' அவ்வளவு சுலபமாக வாயிலிருந்து வந்ததுதான் அவளைத் தூங்கவிடவில்லை.

வேட்டிகளை மடித்தாள். கம்பளி மப்ளரை மடித்தாள். பையை, தான் வழக்கமாக உட்காரும் நாற்காலியின் மேல் வைத்தாள்.

சனிக்கிழமை காலையில் பக்கத்து வீட்டு ரோஸ்லினைச் சீரங்கனுக்குத் துணையாக உட்கார வைத்துவிட்டு, டாக்டரம்மா வீட்டுக்கு நடந்தாள்.

*

பல நாள் மூடுபனிக்குப் பிறகு அன்றுதான் வெயில்.

டாக்டரம்மா பல் வைத்திய நாற்காலியில் சாய்ந்து, பள்ளத்தாக்கைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பின்னால் பெஞ்சு காலியாக இருந்தது. இன்பவல்லி அதில் உட்கார்ந்தாள். தெரிந்ததெல்லாம் டாக்டரம்மாவின் உச்சந்தலைதான்.

"மொட்டெல்லாம் உதிர்ந்து போச்சு" என்றாள்.

"ம்" என்றது உச்சந்தலை.

"ஒண்ணுதான் பாக்கி."

"ம்."

"எவ்வளவோ பார்த்துப் பார்த்துத்தான் வளர்த்தேன். கடைசியில என் பக்கம் திரும்பவே மாட்டேங்குது."

"ம்."

"நாளைக்கு முகுந்தன் வர்றான். அவரைக் கூட்டிக்கிட்டுப் போகப் போறான்."

இந்தத் தடவை 'ம்' கூட வரவில்லை.

"கேட்குதா உங்களுக்கு?"

"நல்ல வெயில்" என்றாள் டாக்டரம்மா.

இன்பவல்லிக்குச் சுருக்கென்றது.

"கொஞ்சம் திரும்பித்தான் பேசுங்களேன். நானும் மனுஷிதானே? அங்கேயும் ஒரு முதுகு, இங்கேயும் ஒரு முதுகு. நான் எத்தனை முதுகோடதான் பேசுவேன்?"

டாக்டரம்மா திரும்பவில்லை.

இன்பவல்லி எழுந்தாள். அந்த நாற்காலியின் முதுகை இரண்டு கையாலும் பிடித்தாள். தினமும் காலையில் வீட்டில் செய்து பழகிய கைகள். பல்லைக் கடித்துக்கொண்டு திருப்பினாள். நாற்காலி அசையவில்லை. காலை ஊன்றி இன்னொரு தடவை இழுத்தாள். விளக்குக் கை மட்டும் கிரீச்சிட்டது. ஆர்க்கிட் தொட்டிகள் ஒன்றோடொன்று இடித்துக்கொண்டன.

"தரையில போல்ட்டு போட்டு முடுக்கியிருக்கு டீச்சர்" என்றாள் டாக்டரம்மா.

இன்பவல்லிக்கு மூச்சு வாங்கியது. முழங்கால் வலித்தது. வயதில் தன் மகளாக இருக்கக்கூடியவளோடு, தான் வகுப்பு வாசலில் நிற்க வைத்தவளோடு, இந்த வயதில் நாற்காலிச் சண்டை.

வேறு வழி தெரியவில்லை. தாழ்வாரத்தின் ஓரமாகச் சுற்றிக்கொண்டு போனாள். படியில் இறங்கினாள். நாற்காலிக்கு முன்னால், புல்லில் போய் நின்றாள். முதுகில் வெயில் சுட்டது.

அப்போதுதான் டாக்டரம்மாவின் முகத்தைப் பார்த்தாள்.

அவ்வளவு வெளிச்சமும் அந்த முகத்தில்தான் இருந்தது. கண்கள் நேராக இன்பவல்லியைப் பார்த்தன. உதடு மெல்ல விரிந்தது.

"வாங்க டீச்சர்" என்றாள். "இப்பத்தான் வர்றீங்களா?"

இன்பவல்லி ஏதோ சொல்ல வாயைத் திறந்தாள்.

மூடிக்கொண்டாள்.

பெஞ்சில் வைத்திருந்த குடையை எடுக்கவும் மறந்து, வந்த வழியே வேகமாகக் கீழிறங்கினாள்.

*

"இன்னிக்கு எல்லா வண்டிக்கும் ரைட் கொடுத்துட்டார் டீச்சர்" என்றாள் ரோஸ்லின். "நான் எந்திரிச்சப்ப எனக்கும் ஒண்ணு கொடுத்தார்." சிரித்துக்கொண்டே போனாள்.

வீடு அமைதியாக இருந்தது.

சீரங்கனின் நாற்காலி காலையில் அவள் திருப்பிவைத்தபடியே அறையைப் பார்த்துக் கிடந்தது. அவர் தலை மட்டும் ஜன்னல் பக்கம் முறுகியிருந்தது. கழுத்து நரம்பு புடைத்துத் தெரிந்தது.

இன்பவல்லி நாற்காலியைப் பிடித்தாள். மெதுவாக, வெகு மெதுவாக, அதை ஜன்னலுக்கு நேராகத் திருப்பினாள்.

அவர் தலை பின்னால் சாய்ந்தது. தோள் இறங்கியது. நெஞ்சிலிருந்து ஒரு நீண்ட மூச்சு வந்தது.

பக்கத்து ஸ்டூலில் தொட்டியையும் அதன் இஷ்டத்துக்குத் திருப்பி வைத்தாள்.

அவளுடைய நாற்காலியில் பை இருந்தது. பையைத் தூக்கித் தரையில் வைத்தாள். நாற்காலி பெரியது, ஜன்னலுக்கும் அவருக்கும் நடுவில் அவ்வளவு இடமில்லை. அடுக்களைக்குப் போய் முக்காலியை எடுத்து வந்தாள். அந்த இடுக்கில் அதைப் போட்டு, ஜன்னலுக்கு முதுகு காட்டி உட்கார்ந்தாள்.

நிமிர்ந்து பார்த்தாள்.

மிஞ்சிய மொட்டு பூத்திருந்தது. எப்போது பூத்தது என்று தெரியவில்லை. காலையில்கூட அதன் முதுகைத்தான் பார்த்திருந்தாள். நகத்தளவுப் பூ. வெள்ளை இதழ். நடுவில் சின்ன உதடு, அதில் செந்நிறக் கோடு.

அதற்குப் பக்கத்தில், அதே உயரத்தில், அவர் முகம்.

இந்த முகத்தை நேருக்கு நேராகப் பார்த்து எத்தனை நாளாயிற்று? புருவத்தில் நரை இவ்வளவு கூடியிருக்கிறது. இடது கண் ஓரத்தில் ஒரு மச்சம், அது அங்கேயேதான் இருக்கிறது.

அவர் பார்வை அவள் தோளைத் தாண்டி ரோட்டுக்குப் போனது. அவள் அசையாமல் உட்கார்ந்திருந்தாள். கூப்பிடவில்லை. கையைத் தொடவில்லை.

கீழே வளைவில் ஒரு பஸ் ஏறிவரும் சத்தம் கேட்டது.

அவர் கழுத்தை இந்தப் பக்கம் சாய்த்துப் பார்த்தார். அந்தப் பக்கம் சாய்த்துப் பார்த்தார். நெற்றி சுருங்கியது. கண்கள் ரோட்டிலிருந்து அவள் முகத்துக்கு வந்தன. நின்றன.

"டீச்சர்" என்றார். "சைடு மறைக்குது."

அவள் எழுந்தது அவளுக்கே தெரியாது. முக்காலியை ஒரு கையில் தூக்கிக்கொண்டு பின்னால் பின்னால் நகர்ந்தாள். கண்ணாடிக்குள் கண் நிரம்பி ஒன்றும் தெரியவில்லை. கால் பையில் இடித்தது. பையைத் தாண்டி, அறையின் இருட்டான மூலைவரைக்கும் போய்விட்டாள்.

பஸ் ஹாரன் அடித்துக்கொண்டு ஜன்னலைக் கடந்து போயிற்று.

சீரங்கன் ரைட் சொல்லவில்லை.

ஜன்னலிலிருந்து தலையைத் திருப்பினார். அறைக்குள் தேடினார். மூலையில் முக்காலியோடு நின்றுகொண்டிருந்தவளைக் கண்டுபிடித்தார்.

"அவ்வளவு தூரம் போகச் சொல்லலியே" என்றார்.